ஒரு நாளைக்கு எத்தனை தடவை கழற்றுகிறீர்கள்?

கம்பி இல்லாமல் பல் வரிசையைச் சீராக்கும் அலைனர் சிகிச்சை வெல்வதும் தோற்பதும் நம் சாப்பாட்டு வேளைகளில்தான் இருக்கிறது. அணுபுரத்தின் ஒரு நாளை முன்னால் வைத்து ஒரு பார்வை.

சதுரங்கப்பட்டினத்திலிருந்து செங்கல்பட்டு போகும் சாலையில், திருக்கழுக்குன்றம் வருவதற்கு முன்பே வந்துவிடுகிறது அணுபுரம். கல்பாக்கத்தின் அணுசக்தித் துறை நிறுவனங்களில் வேலை பார்ப்பவர்களுக்காக எழுந்த குடியிருப்பு. தமிழ், மலையாளம், தெலுங்கு, இந்தி என ஒரே மாடிப்படியில் நாலு மொழி கேட்கும் ஊர். மொழி எதுவானாலும் பெரும்பாலான வீடுகளில் நாள் ஒரே மாதிரிதான் தொடங்குகிறது. விடியற்காலை காபி. வண்டியைப் பிடிக்கும் அவசரத்தில் டிபன். பத்தரை மணிவாக்கில் அலுவலக டீ. மதியச் சாப்பாடு. மூன்றரைக்கு இன்னொரு டீ. வீடு திரும்பியதும் ஒரு காபி, கூடவே மிக்சரோ வாழைக்காய் பஜ்ஜியோ. இரவுச் சாப்பாடு. படுக்கும் முன் ஒரு டம்ளர் பால். எண்ணிப் பார்த்தால் எட்டு தடவை.

தமிழ்நாட்டின் எந்த ஊரிலும் இதுதான் கணக்கு. யாரும் இதை ஒரு பழக்கம் என்றுகூட நினைப்பதில்லை. ஆனால் எத்துப்பல்லுக்கோ, ஒன்றன்மேல் ஒன்று ஏறிய பல் வரிசைக்கோ அலைனர் போட்டுக்கொண்ட மறுநாளே இந்த எட்டு தடவையும் ஒவ்வொன்றாகக் கண்ணில் படத் தொடங்கும். ஒவ்வொரு தடவையும் கழற்ற வேண்டும், சாப்பிட வேண்டும், வாய் கொப்பளிக்க வேண்டும், பல் துலக்க வேண்டும், அலைனரைக் கழுவ வேண்டும், மறுபடி மாட்ட வேண்டும்.

'என்னென்ன சாப்பிடக் கூடாது?' என்பதுதான் சிகிச்சை தொடங்கும் எல்லோரும் கேட்கும் முதல் கேள்வி. அலைனரைக் கழற்றிவிட்டுச் சாப்பிடுவதால், கம்பி கட்டியவர்களுக்கு உள்ள அளவு தடைகள் இதில் கிடையாது. கேட்க வேண்டிய கேள்வி வேறு. ஒரு நாளைக்கு எத்தனை தடவை சாப்பிடுகிறோம்? ஒவ்வொரு தடவையும் எவ்வளவு நேரம் எடுக்கிறோம்? லட்ச ரூபாயைத் தொட்டும் தாண்டியும் செலவு பிடிக்கும் ஒரு சிகிச்சையின் பலன் இந்த இரண்டு கேள்விகளில் அடங்கியிருக்கிறது.

கால் மில்லிமீட்டர் கணக்கு

அலைனர் என்பது பல் வரிசையின் மேல் உறைபோல் பொருந்தும் ஒரு பிளாஸ்டிக் தகடு. டிரே என்று சொல்வதும் இதைத்தான். கனம் ஏறக்குறைய முக்கால் மில்லிமீட்டர். பல்லை ஸ்கேன் எடுத்து, இப்போதிருக்கும் நிலையிலிருந்து கடைசியில் இருக்க வேண்டிய நிலைவரை கணினியில் படிப்படியாகத் திட்டமிட்டு, ஒவ்வொரு படிக்கும் ஒரு ஜோடி டிரே செய்கிறார்கள். ஒரு டிரே ஒரு பல்லை நகர்த்துவது அதிகபட்சம் கால் மில்லிமீட்டர் அளவுக்குத்தான். ஒரு வாரமோ இரண்டு வாரமோ போட்ட பிறகு அடுத்த டிரே.

இந்த எண்ணம் இன்று நேற்று வந்ததில்லை. அமெரிக்காவின் ஹெரால்ட் கெஸ்லிங் 1945லேயே ரப்பரில் ஒரு சாதனம் செய்து, சிகிச்சையின் கடைசிக் கட்டத்தில் பற்களைச் சிறிது சிறிதாக நகர்த்திக் காட்டினார். 1964ல் ஹென்றி நஹூம் மெல்லிய பிளாஸ்டிக் தகட்டைச் சூடாக்கி, பல் அச்சின் மேல் உறிஞ்சிப் படியவைத்து இதே வேலையைச் செய்தார். 1993ல் ஜான் ஷெரிடன் எசிக்ஸ் என்ற தெளிவான பிளாஸ்டிக் சாதனத்தைக் கொண்டுவந்தார். கணினியை இதோடு சேர்த்தது 1997ல் தொடங்கிய அலைன் டெக்னாலஜி நிறுவனம். அதன் இன்விசலைனுக்கு 1998ல் அமெரிக்க உணவு, மருந்து நிர்வாகத்தின் அனுமதி கிடைத்தது. இன்று இந்தியாவிலேயே பல நிறுவனங்கள் அலைனர் தயாரிக்கின்றன.

பல் எலும்பில் நேரடியாகப் பதிந்திருக்கவில்லை. வேருக்கும் எலும்புக்கும் நடுவே கால் மில்லிமீட்டருக்கும் குறைவான தடிப்பில் ஒரு நார்ப்படலம் இருக்கிறது. டிரே அழுத்தும் பக்கத்தில் அந்தப் படலம் நசுங்கி, எலும்பைக் கரைக்கும் செல்கள் வேலை செய்யத் தொடங்குகின்றன. எதிர்ப்பக்கத்தில் படலம் இழுபட்டு, அங்கே புது எலும்பு உருவாகிறது. பல் நகர்வது இப்படித்தான். இந்த வேலைக்குத் தேவை பலத்த அழுத்தம் அல்ல, விட்டுவிடாத அழுத்தம். நாளில் பாதி நேரம் டிரே டப்பாவில் கிடந்தால் பல் தன் பழைய இடத்தைத் தேடிப் போகும். அதனால்தான் ஒரு நாளில் 20 முதல் 22 மணி நேரம் போட்டிருக்கச் சொல்கிறார்கள். பெரும்பாலான மருத்துவர்கள் 22 என்றே சொல்கிறார்கள்.

அந்தக் கணக்கில் போடாதவரின் வாயில் என்ன நடக்கும் என்பதைக் கண்ணாடியில் பார்க்கலாம். நன்றாகப் பொருந்திய டிரே பல்லின் நுனிவரை ஒட்டி நிற்கும். பல் பின்தங்கிவிட்டால் பல் நுனிக்கும் டிரேக்கும் நடுவே ஒரு மெல்லிய இடைவெளி தெரியும். அடுத்த டிரே போடும்போது அந்த இடைவெளி இன்னும் பெரிதாகும். சில நாட்களில் டிரே உட்காரவே உட்காராது. பிறகு மறுபடி ஸ்கேன், மறுபடி திட்டம், கூடுதல் டிரேக்கள், கூடுதல் மாதங்கள்.

120 நிமிடங்களைப் பங்கு போடுவது

22 மணி நேரம் போக மிஞ்சுவது இரண்டு மணி நேரம். அதாவது 120 நிமிடம். சாப்பிடுவது, குடிப்பது, துலக்குவது எல்லாம் இதற்குள் முடிய வேண்டும்.

எட்டு தடவை வாய் திறக்கும் நாளை இதில் பொருத்திப் பாருங்கள். மூன்று வேளைச் சாப்பாட்டுக்குத் தலா 25 நிமிடம் என்றால் 75. ஒவ்வொன்றுக்குப் பிறகும் துலக்கி மாட்ட ஐந்து நிமிடம் வைத்தால் 90. மீதி 30 நிமிடத்தில் இரண்டு காபி, இரண்டு டீ, ஒரு பால் ஆகிய ஐந்தையும் அடக்க வேண்டும். தலா ஆறு நிமிடம். கழற்றி, சூடு ஆற்றிக் குடித்து, வாய் கழுவி, மாட்டுவதற்கு ஆறு நிமிடம் யாருக்கும் போதாது.

அதோடு, கழற்றிய டிரேயைக் குடித்து முடித்த கையோடு மாட்டுபவர்கள் குறைவு. டீக்கடை பெஞ்சிலோ அலுவலக மேஜையிலோ பேச்சு நீளும். 'இன்னும் பத்து நிமிஷம்' என்று டப்பா மேஜையிலேயே இருக்கும். பத்து அரை மணி நேரமாகும். சிகிச்சையில் காணாமல் போகும் நேரத்தில் பெரும்பங்கு இப்படிக் கப் காலியான பிறகு போவதுதான்.

ஆகவே முதல் மாற்றம், சிற்றுண்டிகளைச் சாப்பாட்டோடு சேர்ப்பது. விடியற்காலை காபியைக் காலை டிபனோடு சேர்த்துக்கொள்ளலாம். முடியாதவர்கள் டிபனை முன்னுக்கு இழுக்கலாம். அலுவலகத்தில் இரண்டு டீ வேண்டாம், ஒன்று போதும், அதையும் மதியச் சாப்பாட்டோடு குடித்துவிடலாம். மாலைக் காபியும் பலகாரமும் ஒரே உட்காரலில் முடியட்டும். இரவுப் பாலை இரவுச் சாப்பாட்டின் கடைசியில் குடித்துவிடலாம். எட்டு நாலாகிவிடும். ஒரு டீயைத் தவிர பிடித்த எதையும் விடவில்லை, இடத்தை மட்டும் மாற்றினோம்.

கழற்றும்போது அலைபேசியில் 30 நிமிட அலாரம் வைப்பது மிக எளிய, மிகப் பலன் தரும் வழி. அலாரம் அடித்ததும் பேச்சு எங்கே நின்றாலும் சரி, எழுந்துபோய் மாட்டிக்கொள்ள வேண்டும்.

காபியை டிரேயோடு குடித்தால்

'ஒரு வாய் காபிதானே, கழற்றாமலேயே குடித்துவிடலாமே' என்ற ஆசை எல்லோருக்கும் வரும். இதில் மூன்று கெடுதல் இருக்கிறது.

முதலாவது சூடு. பல நிறுவனங்கள் பயன்படுத்தும் பெட்ஜி வகை பிளாஸ்டிக் 80 டிகிரி செல்சியஸ் வாக்கில் இளகும் தன்மை கொண்டது. டிரேயை உருவாக்குவதே சூடாக்கி அச்சில் படியவைத்துத்தான். அதை மறுபடி சூட்டில் நனைத்தால் வடிவம் சற்றே மாறலாம். கால் மில்லிமீட்டருக்காகச் செய்த பொருளில் சற்று மாறினாலும் அது தவறான இடத்தில் அழுத்தும். நுரை பொங்க ஆற்றித் தரும் டிகிரி காபி டவராவில் இருக்கும்போதே எவ்வளவு சுடும் என்பது நமக்குத் தெரியும்.

இரண்டாவது நிறம். காபியும் டீயும் தெளிவான டிரேயைப் பழுப்பாக்கும். வெளியே தெரியாமல் இருக்க வேண்டும் என்று தேர்ந்தெடுத்த சிகிச்சை, நாலு நாளில் மஞ்சளாகத் தெரியும்.

மூன்றாவதுதான் முக்கியம். சர்க்கரை. நம் வாயில் ஒரு நாளைக்கு அரை லிட்டரிலிருந்து ஒன்றரை லிட்டர் வரை உமிழ்நீர் ஊறுகிறது. சாப்பிட்டதும் பல்லின் மேலுள்ள கிருமிகள் சர்க்கரையை அமிலமாக்குகின்றன. அந்த அமிலத்தைக் கழுவி, மட்டுப்படுத்தி, கரைந்த தாதுக்களைப் பல்லுக்குத் திருப்பித் தருவது உமிழ்நீர். அமெரிக்க ஆய்வாளர் ராபர்ட் ஸ்டீபன் 1940களில் இதை அளந்து காட்டினார். சர்க்கரை நீர் பட்ட சில நிமிடங்களில் பல் மேலுள்ள படலத்தின் பி.எச். மளமளவென்று இறங்குகிறது. 5.5க்குக் கீழே போனால் எனாமல் கரையத் தொடங்கும். பழைய நிலைக்குத் திரும்ப அரை மணி முதல் ஒரு மணி நேரம் பிடிக்கிறது.

டிரே போட்டிருக்கும்போது இந்தக் கதை மாறிவிடுகிறது. உள்ளே நுழைந்த இனிப்புக் காபி பல்லுக்கும் பிளாஸ்டிக்குக்கும் நடுவே தங்கிவிடும். உமிழ்நீர் அந்த இடுக்குக்குள் தாராளமாகப் போய்வர முடியாது. மேலே டிரே மூடியிருக்க, அமிலம் மணிக்கணக்கில் பல்லை அரிக்கும். வரிசை நேராகி, கடைசி டிரேயைக் கழற்றும்போது பல்லில் சுண்ணாம்பு நிறத்தில் வெள்ளைத் திட்டுகள் தெரிந்தால் அது எனாமல் கரைந்ததன் அடையாளம். ஸ்ட்ராவில் குடித்தாலும் இந்த ஆபத்து போகாது. வாய்க்குள் போன பிறகு திரவம் எல்லாப் பக்கமும் பரவும்.

அளவைவிட எத்தனை தடவை என்பதுதான் பல்லுக்குப் பெரிது என்பதற்கு ஒரு கசப்பான சான்று உண்டு. ஸ்வீடனின் லுண்ட் நகருக்கு அருகே விபேஹோல்ம் என்ற மனவளர்ச்சி குன்றியோர் காப்பகத்தில் 1945 முதல் 1953 வரை நடந்த ஆய்வு அது. அங்கிருந்தவர்களின் சம்மதம் இல்லாமல் அவர்களுக்கு ஒட்டும் மிட்டாய்களைக் கொடுத்துப் பல் சொத்தையாவதைக் கவனித்தார்கள். மனிதர்களை அப்படி நடத்தியது மன்னிக்க முடியாதது. அவர்கள் பட்ட வேதனையிலிருந்து உலகம் தெரிந்துகொண்டது இது: உணவோடு சேர்த்துச் சாப்பிட்ட இனிப்பு செய்த கெடுதல் குறைவு, உணவுக்கு நடுவே அடிக்கடி தின்ற ஒட்டும் இனிப்பு செய்த கெடுதல் மிக அதிகம்.

இதை நம் வீட்டுக் கணக்கில் வைத்துப் பார்க்கலாம். ஒரு டம்ளருக்கு இரண்டு ஸ்பூன் சர்க்கரை என்றால் ஐந்து டம்ளரில் பத்து ஸ்பூன். சேர்க்கும் சர்க்கரையை ஒரு நாளைக்கு 25 கிராம் அளவுக்கு, அதாவது சுமார் ஆறு ஸ்பூனுக்குக் குறைத்தால் இன்னும் நல்லது என்று உலக சுகாதார நிறுவனம் 2015ல் சொன்னது. அலைனருக்காகக் காபியைக் குறைப்பவர் தன் உடம்புக்கும் சேர்த்து நல்லது செய்துகொள்கிறார்.

மஞ்சள், முறுக்கு, நண்டு

வெளிநாட்டுக் கையேடுகளை அப்படியே தரும் கிளினிக்குகளில் பீட்சா, சிவப்பு ஒயின், பாப்கார்ன் பற்றி எழுதியிருக்கும். நம் அடுக்களையில் முதலில் பேச வேண்டியது மஞ்சள்தூள்.

அலைனர் பல்லைச் சரியாகப் பிடித்துக்கொள்ள, சில பற்களின் மேல் அரிசி அளவுக்குச் சிறு மேடுகளை ஒட்டுவார்கள். அட்டாச்மென்ட் என்று சொல்வது இதைத்தான். சொத்தை அடைக்கும் அதே பல் நிறப் பொருள். டிரேயைக் கழற்றினாலும் இது பல்லிலேயே இருக்கும். சாம்பார், மீன்குழம்பு, பிரியாணி எல்லாவற்றிலும் உள்ள மஞ்சளின் நிறமியை இந்த மேடுகளும், அவற்றின் ஓரங்களும் உறிஞ்சிக்கொள்ளும். மஞ்சள் சாப்பாட்டை விட வேண்டியதில்லை. சாப்பிட்ட உடனே வாயைத் தண்ணீரால் நன்றாகக் கொப்பளித்து, துலக்கிவிட்டு மாட்டினால் போதும். குழம்பின் எண்ணெய்ப் பசையோடு மாட்டினால் டிரேயும் சேர்ந்து மஞ்சளாகும்.

அடுத்தது கடினமான பண்டங்கள். கை முறுக்கு, தட்டை, கடலை மிட்டாய், பொரிவிளங்காய் உருண்டை, வறுத்த பட்டாணி, பொங்கல் நேரத்துக் கரும்பு. முன்பல்லால் கடித்து இழுத்தால் அட்டாச்மென்ட் பிய்ந்து வரலாம். அது விழுந்தால் அந்தப் பல்லை டிரே பிடித்து நகர்த்த முடியாது. மறுபடி ஒட்ட கிளினிக்குக்கு ஓட வேண்டும். முறுக்கை உடைத்து, சிறு துண்டாகக் கடைவாயில் வைத்து மென்றால் பெரும்பாலும் சிக்கல் வராது. கரும்பைப் பல்லால் உரிப்பதைச் சிகிச்சை முடியும்வரை தள்ளிவைக்கத்தான் வேண்டும். துண்டு போட்டுத் தரச்சொல்லிச் சாப்பிடலாம்.

கடற்கரைக்காரர்களுக்கு இன்னொன்று. மாமல்லபுரம், சதுரங்கப்பட்டினம், புதுப்பட்டினம் பக்கம் மீன் இல்லாத வாரம் கிடையாது. வஞ்சிரம் வறுவல், சங்கரா குழம்பு போன்றவை மெத்தென்று இருப்பதால் டிரே மாற்றிய நாளுக்குக்கூட ஏற்றவை. நண்டின் ஓட்டைப் பல்லால் உடைக்கும் வழக்கத்தை மட்டும் விட வேண்டும். ஓட்டைக் கையாலோ சிறு உலக்கையாலோ தட்டி உடைத்துக்கொள்ளலாம். நெத்திலியின் மெல்லிய முள் பல் இடுக்கில் மாட்டினால், டிரே போடும் முன் பல் இடுக்கு நூலால் எடுத்துவிட வேண்டும். சிக்கிய முள்ளின் மேல் டிரேயை அழுத்தினால் ஈறு புண்ணாகும்.

புது டிரே மாற்றிய முதல் இரண்டு மூன்று நாள் பல் வலிக்கும், கடித்தால் கூசும். பல் நகர்கிறது என்பதற்கு அதுவே அறிகுறி. அந்த நாட்களுக்கு நம் சமையலில் பஞ்சமே இல்லை. இட்லி, இடியாப்பம், வெண்பொங்கல், ரசம் சாதம், தயிர் சாதம், குழைய வெந்த கூட்டு, அரிசிக் கஞ்சி. டிரேயை இரவுச் சாப்பாட்டுக்குப் பிறகு மாற்றினால் முதல் சில மணி நேர வலி தூக்கத்தில் கழியும். மருத்துவர் ரப்பர் போன்ற ஒரு சிறு உருளை கொடுத்திருந்தால் அதைக் கடித்து டிரேயை நன்றாக உட்கார வைக்கலாம்.

வெயிலும் தண்ணீரும்

அலைனர் போட்டபடியே குடிக்கக்கூடியது ஒன்றே ஒன்று. வெறும் தண்ணீர். பானைத் தண்ணீரோ, சாதாரணத் தண்ணீரோ, எவ்வளவு வேண்டுமானாலும் குடிக்கலாம். இந்தக் கடற்கரையின் சித்திரை, வைகாசி வெயிலில் அது பெரிய ஆறுதல். குடிக்கவும் வேண்டும். உதடு மூடாமல் வாய் காய்ந்திருந்தால் டிரே உள்ளே கிருமிகள் பெருகுவது எளிதாகிவிடும், வாடையும் வரும்.

மற்ற எல்லாவற்றுக்கும் கழற்ற வேண்டும். கிழக்குக் கடற்கரைச் சாலையில் இறங்கினால் கரும்புச்சாறு, பன்னீர் சோடா, எலுமிச்சை ஜூஸ், இளநீர், நுங்கு என்று வரிசையாகக் கடைகள். இவற்றில் நுங்கு மெத்தென்றது, பல்லுக்கு இதமானது. கழற்றிவிட்டு நிம்மதியாகச் சாப்பிட்டு, வாய் கொப்பளித்து மாட்டலாம். இளநீரிலும் இயற்கைச் சர்க்கரை உண்டு. அதனால் தண்ணீருக்குச் சமம் என்று நினைத்து டிரேயோடு குடிக்கக் கூடாது. கரும்புச்சாறு முழுக்கச் சர்க்கரை. கோலா வகைகளில் சர்க்கரையும் உண்டு, அமிலமும் உண்டு. அவற்றின் பி.எச். 2.5 வாக்கில் இருக்கும். எலுமிச்சைச் சாறும் கிட்டத்தட்ட அதே அளவு புளிப்பு. சர்க்கரை இல்லாத சோடா என்று எழுதியிருந்தாலும் அமிலம் அமிலம்தான். மோர் நல்லது, ஆனால் அதற்கும் கழற்றத்தான் வேண்டும்.

புளிப்பானதைச் சாப்பிட்ட கையோடு அழுத்தித் துலக்கக் கூடாது. அமிலம் பட்டு இளகிய எனாமல் தேய்ந்துபோகும். அதே சமயம் அரை மணி நேரம் காத்திருந்தால் டிரே நேரம் போய்விடும். வழி இதுதான்: இரண்டு மூன்று வாய் தண்ணீரால் நன்றாகக் கொப்பளித்து, டிரேயைக் கழுவி மாட்டிக்கொண்டு, அரை மணி கழித்து ஒரு நிமிடம் கழற்றித் துலக்கலாம்.

ஷிப்ட், பள்ளிக்கூடம், அடுப்படி

ஒரே அறிவுரை எல்லோருக்கும் பொருந்தாது. இந்த ஊரில் அது நன்றாகத் தெரியும்.

அணு உலைகளிலும் ஆய்வுக்கூடங்களிலும் கதிர்வீச்சுக் கட்டுப்பாட்டுப் பகுதிக்குள் எதையும் உண்ணவோ, பருகவோ, மெல்லவோ கூடாது என்பது உலகம் முழுக்க உள்ள விதி. கண்ணுக்குத் தெரியாத கதிரியக்கத் தூசி வாய் வழியாக உடம்புக்குள் போய்விடக் கூடாது என்பதற்காக. அப்படிப்பட்ட இடத்தில் வேலை செய்பவர் டிரேயையும் அங்கே தொடவே கூடாது. வெளியே வந்து, கை கழுவி, சோதனை முடித்த பிறகுதான் வாயருகே கை போக வேண்டும். ஒரு விதத்தில் இவர்களுக்கு அலைனர் எளிது. பல மணி நேரம் எதையும் வாயில் போடாமல் இருக்கும் ஒழுங்கு அவர்களுக்கு வேலையிலேயே பழகியிருக்கிறது. இரவு ஷிப்ட் மட்டும் சோதனை. தூக்கத்தை விரட்ட இரண்டு மணிக்கு ஒரு டீ, நாலு மணிக்கு ஒரு டீ என்றால், மற்றவர்களுக்குத் தூக்கத்தில் தடையில்லாமல் கிடைக்கும் டிரே நேரமும் குறைந்துவிடும். இடைவேளைச் சாப்பாட்டோடு ஒரே ஒரு டீ, மீதிக்குத் தண்ணீர் என்று வைத்துக்கொள்வது நல்லது.

பள்ளிப் பிள்ளைகளுக்கு மதிய இடைவேளைதான் ஆபத்தான நேரம். டிபன் பாக்ஸைத் திறக்கும் அவசரத்தில் டிரேயைச் சட்டைப் பையில் போடுவார்கள், டெஸ்கின் அடியில் வைப்பார்கள். பள்ளிப் பைக்குள் டப்பா, சிறு பிரஷ், ஒரு தண்ணீர் பாட்டில் என்று தனியாக ஒரு பை கொடுத்துவிட வேண்டும். மற்ற பிள்ளைகள் முன்னால் கழற்ற வெட்கப்படும் பிள்ளையும் உண்டு. வகுப்பாசிரியரிடம் பெற்றோர் ஒரு வார்த்தை சொல்லிவைத்தால், சாப்பிட்ட பின் குழாயடிக்குப் போக ஐந்து நிமிடம் கிடைக்கும். பிறந்தநாள் சாக்லேட்டை உடனே பிரிக்காமல் வீட்டுக்குக் கொண்டுவந்து சாப்பாட்டோடு சாப்பிடப் பழக்கலாம்.

யாரும் கவனிக்காத இன்னொருவர், வீட்டில் சமைப்பவர். அலைனர் போட்ட அம்மா குழம்பில் உப்புப் பார்க்கிறார், ரசத்தில் புளி பார்க்கிறார், பாயசத்தில் இனிப்புப் பார்க்கிறார். மீதி இருக்கும் தோசையை நின்றபடியே வாயில் போடுகிறார். இவை எதுவும் 'சாப்பிட்டது' என்று அவர் கணக்கில் சேர்வதில்லை. பல்லின் கணக்கில் எல்லாமே சேரும். உப்புப் பார்க்கும் வேலையை வீட்டில் இன்னொருவர் ஏற்றுக்கொள்ளலாம். சமையல் முடிந்து எல்லோரும் உட்காரும்போது அவரும் கூடவே உட்கார்ந்து சாப்பிட வேண்டும். எல்லோரும் எழுந்த பிறகு கிடைத்ததை நடந்தபடி சாப்பிடும் வழக்கம் இந்தச் சிகிச்சைக்கு ஒத்துவராது. உடம்புக்கும் அது ஒத்துவந்ததில்லை.

சர்க்கரை நோய்க்கு மாத்திரையோ இன்சுலினோ எடுத்துக்கொள்பவர்கள் ஒன்றை மறக்கக் கூடாது. சர்க்கரை இறங்கிக் கை நடுங்கினால் நேரக் கணக்கெல்லாம் பார்க்க வேண்டாம். உடனே டிரேயைக் கழற்றிவிட்டுச் சர்க்கரையோ ஜூஸோ எடுத்துக்கொள்ள வேண்டும். கர்ப்பிணிகள், அடிக்கடி சிறிதளவு சாப்பிடச் சொல்லப்பட்டவர்கள் ஆகியோரும் தங்கள் மருத்துவ நிலையைப் பல் மருத்துவரிடம் முன்கூட்டியே சொல்ல வேண்டும்.

பந்தியில் காணாமல் போகும் டிரே

அலைனர் அதிகம் தொலைவது விருந்துகளில்தான். பந்தி போட்டாயிற்று. இலை முன்னால் உட்கார்ந்ததும் டிரேயைக் கழற்றி டிஷ்யூ பேப்பரில் சுற்றி இலை ஓரத்தில் வைக்கிறார்கள். பாயசம் வருகிறது, மோர் வருகிறது, பேச்சு வருகிறது. எழுந்திருக்கும்போது இலையை மடிக்கிறார்கள். அடுத்த நிமிடம் பந்தி எடுப்பவர் பேப்பரோடு சேர்த்து எல்லாவற்றையும் சுருட்டிக்கொண்டு போய்விடுகிறார். தெளிவான பிளாஸ்டிக், வெள்ளைப் பேப்பருக்குள் இருந்தது யார் கண்ணுக்கும் தெரியாது.

அதனால் டிரேக்கு வாயை விட்டால் டப்பா, டப்பாவை விட்டால் வாய். மூன்றாவது இடம் கிடையாது. டப்பாவை இலைக்குப் பக்கத்தில் வைக்காமல் பையிலோ கைப்பையிலோ போட்டுவிட வேண்டும். வீட்டில் நாய் வளர்ப்பவர்கள் கூடுதல் கவனம் எடுக்க வேண்டும். உமிழ்நீர் வாடைக்கு நாய்கள் டிரேயைத் தேடி எடுத்துக் கடித்துவிடும்.

தொலைந்துவிட்டால் அடுத்த சந்திப்புவரை காத்திருக்கக் கூடாது. அன்றே மருத்துவரைக் கூப்பிட வேண்டும். முந்தைய டிரேயைப் போடுவதா, அடுத்ததுக்குப் போவதா என்பதை அவர் சொல்வார். அதற்காகவே பழைய டிரேக்களைக் கழுவிக் காயவைத்து எடுத்துவைப்பது நல்லது.

விருந்து முடிந்ததும் தாம்பூலம் வரும். வெற்றிலையும் பாக்கும் சுண்ணாம்பும் சேர்ந்து டிரேயிலும் அட்டாச்மென்டிலும் சிவப்பேற்றும். கொட்டைப்பாக்கு கடினம் என்பதோடு நிற்கவில்லை. பாக்கு புற்றுநோயை உண்டாக்கும் என்று உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு அமைப்பு 2004லேயே வகைப்படுத்திவிட்டது. வழக்கமாகப் பாக்கு மெல்பவர் அதை நிறுத்த அலைனர் ஒரு நல்ல காரணம்.

டிரேயைச் சுத்தம் செய்யச் சாதாரணத் தண்ணீரும் மென்மையான பிரஷும் போதும். கொதிநீரில் போடக் கூடாது. வெயிலில் காயவைக்கவும் வேண்டாம், நிறுத்திய காரின் உள்ளே விட்டுவிட்டுப் போகவும் வேண்டாம். பற்பசையும் வேண்டாம். அதன் துகள்கள் டிரேயில் கீறல் விடும், கீறலில் கறை தங்கும்.

யார் பார்க்கிறார் என்பதும் முக்கியம்

அமெரிக்காவில் பல் மருத்துவரிடம் போகாமலேயே வீட்டுக்கு அலைனர் அனுப்பிவந்த ஸ்மைல் டைரக்ட் கிளப் நிறுவனம் 2023 டிசம்பரில் மூடப்பட்டது. பாதிச் சிகிச்சையில் இருந்தவர்கள் திக்கற்று நின்றார்கள். நேரில் பார்க்கும் மருத்துவர் ஒருவர் இருந்தால்தான் டிரே பொருந்தவில்லை என்பதையும், ஈறு வீங்கியிருப்பதையும், வெள்ளைத் திட்டு விழுவதையும் ஆரம்பத்திலேயே கண்டுபிடிக்க முடியும்.

செங்கல்பட்டு மாவட்டத்துக்காரர்களுக்கு இதில் குறை இல்லை. கேளம்பாக்கம், காட்டாங்குளத்தூர், மதுராந்தகம், மேல்மருவத்தூர் எனப் பல இடங்களில் பல் மருத்துவக் கல்லூரிகள் இருக்கின்றன. பி.டி.எஸ். முடித்து, பல் சீரமைப்பில் மூன்று ஆண்டு எம்.டி.எஸ். படித்தவரே இதற்கான சிறப்பு மருத்துவர். சொத்தையும் ஈறு நோயும் இருந்தால் முதலில் அவற்றைச் சரிசெய்த பிறகே அலைனரைத் தொடங்க வேண்டும். எல்லாப் பல் வரிசைக்கும் அலைனர் ஏற்றதும் அல்ல. கம்பிதான் சரி என்று மருத்துவர் சொன்னால் அதற்குக் காரணம் இருக்கும்.

சிகிச்சை முடிந்த பிறகும் பல் தன் பழைய இடத்தைத் தேடும். அதனால் பல்லைப் புது இடத்திலேயே நிறுத்திவைக்கும் ரிடெய்னர் போட வேண்டும். முதலில் நாள் முழுக்க, பிறகு இரவில் மட்டும். அதற்கும் இதே தண்ணீர் விதி, இதே டப்பா விதி.

முதல் சந்திப்பில் நம்மில் பெரும்பாலோர் மருத்துவரிடம் கேட்பது எத்தனை மாதம், எவ்வளவு பணம் என்ற இரண்டைத்தான். அதோடு நம் நாளையும் அவர் முன்னால் வைக்க வேண்டும். எத்தனை மணிக்கு எழுகிறோம், எத்தனை காபி, எந்த ஷிப்ட், யார் சமைக்கிறார், பிள்ளை எங்கே சாப்பிடுகிறது, வாரத்துக்கு எத்தனை விசேஷம். அதைக் கேட்ட மருத்துவர் நம் நாளுக்கு ஏற்ற நேரத்தைப் பிரித்துக் கொடுக்க முடியும். கேட்காத மருத்துவரிடம் நாமே சொல்லலாம். அந்தப் பத்து நிமிடப் பேச்சு பின்னால் பல மாதங்களை மிச்சப்படுத்தும். வேளைக்கு உட்கார்ந்து சாப்பிடுவது, நடுவில் தண்ணீர் மட்டும் குடிப்பது, சாப்பிட்டதும் வாய் கழுவுவது ஆகிய மூன்றையும் ஒரு வருடம் கடைப்பிடித்தவருக்கு அலைனர் போன பிறகும் அந்தப் பழக்கம் போகாது. பல் வரிசை அழகாவது எல்லோருக்கும் தெரியும். சொத்தையில்லாத, கூசாத பல்லோடு முதுமைக்குப் போவது அதைவிடப் பெரிய லாபம்.

ஒரு நாள் அட்டவணை

பொது ஷிப்டில் வேலை செய்பவருக்கான ஒரு மாதிரி இது. உங்கள் நேரத்துக்கு ஏற்ப மாற்றிக்கொள்ளலாம்.

காலை 7.00 – 7.35: காபி, டிபன் இரண்டும் சேர்த்து. துலக்கி மாட்டுவதுவரை 35 நிமிடம்.

காலை முழுவதும்: தண்ணீர் மட்டும்.

மதியம் 12.45 – 1.20: சாப்பாடு, விருப்பப்பட்டால் அதோடு ஒரு டீ. 35 நிமிடம்.

மாலை 5.30 – 5.45: காபி, பலகாரம். கொப்பளித்து மாட்டுவதுவரை 15 நிமிடம்.

இரவு 8.15 – 8.50: சாப்பாடு, கடைசியில் பால். துலக்குவது, இடுக்கு நூல், டிரே கழுவுவது சேர்த்து 35 நிமிடம்.

மொத்தம் 120 நிமிடம். மீதி 22 மணி நேரமும் டிரே வாயில்.